ஒண்ட வந்தவரின் ஊர்

— திட்ட வந்திருந்தா திட்டிட்டுப் போங்க ஆத்தா. நாலு பேரு வந்து போற கடை. புத்தகத்த மேசை மேல வச்சுட்டு இப்படிப் பேசாம நின்னா நான் என்னன்னு எடுத்துக்கிறது?

— திட்ட வரலண்ணே. கோம்பையில இருந்து பஸ்ஸுல நின்னுக்கிட்டே வந்தேன், மூச்சு வாங்குது. கர்ணன்னா நீங்கதான? கம்பத்துல பைப்புக்கடை வச்சிருக்காகன்னு அட்டைக்குப் பின்னால போட்டிருந்துச்சு.

— நான்தான். அந்தப் பைப்புக் கட்டத் தள்ளிட்டு ஒக்காருங்க. இந்தப் புத்தகம் எப்படி ஒங்க கைக்கு வந்துச்சு? கம்பத்துலயே இருபது பேருதான் வாங்கினாக.

— தோட்டத்து மொதலாளி மக ஜோதிகா குடுத்துச்சு. ‘பவுனக்கா, இதுல ஒங்க வீட்டுக்காரரு வாராரு’ன்னுச்சு. எட்டாப்பு வரைக்கும் படிச்சிருக்கேன், எழுத்துக் கூட்டி வாசிச்சிருவேன்.

— அதாவது... அது கதை ஆத்தா. ‘ஒண்ட வந்தவன்’னு பொதுவாத்தான் பேரு வச்சேன். கோம்பைன்னு கூட எழுதல.

— திராட்சைப் பந்தல்ல கம்பி கட்டுற ஆளு, எடது காலச் சாய்ச்சு நடக்குற ஆளு, பீடியப் பத்த வைக்காம ஒதட்டுல சும்மா வச்சுக்கிட்டே திரியிற ஆளு. இந்தப் பக்கம் பூராம் தேடினாலும் வேற யாருண்ணே இருக்கா?

— சரி. பாத்துத்தான் எழுதினேன். தோட்டத்துக்கு ஜாயிண்டு வாங்க ரெண்டு மூணு தடவ வந்திருக்காரு. ஒரு நா மழைக்கு, இந்தா, இந்த ஷட்டருக்கு வெளிய முக்கா மணி நேரம் நின்னாரு. உள்ள வாங்கன்னு நான் சொல்லல. அவரும் திரும்பிப் பாக்கல. அன்னைக்குத்தான் எழுத ஆரம்பிச்சேன்.

— ஒரு வார்த்த பேசியிருக்கலாம்லண்ணே.

— பேசியிருந்தா கதை வந்திருக்காது. அதாவது, கதைக்கு அப்படி ஒரு ஆளு வேணும் ஆத்தா. எந்த ஊரு, யாரு மகன்னு தெரியாம ஒருத்தன் வந்து நிக்கணும். அவனப் பாத்து ஊரு பயப்படணும்.

— ஊரு எங்க பயந்துச்சு? பயந்திருந்தாலும் பரவால்லயே. ஒருத்தரும் ஒண்ணும் கேக்கல. பதினாலு வருசம். கோயில்ல கஞ்சி ஊத்துனா எனக்கு ஊத்துவாக. எங்க வீட்டுக்காரரு ஏனத்தையும் நான்தான் வாங்கி நீட்டணும்.

— கதையில அவரு மோட்டாரு திருடினதா எழுதினது தப்புத்தான். ஒத்துக்கிறேன். அடுத்த தடவ அச்சுப் போட்டா அத எடுத்துடுறேன்.

— அது கெடக்கட்டுண்ணே. அத நான் வாசிச்சுக் காட்டயில அவுக சிரிச்சாக. ‘அந்த மோட்டாரத் தூக்க ரெண்டு ஆளு வேணும், எங்கூட யாரு வந்திருப்பா’ன்னாக.

— சிரிச்சாரா? அப்ப அவரையும் கூட்டிட்டு வந்திருக்கலாமே. நேர்லயே மன்னிப்புக் கேட்டிருப்பேன்.

— அவுக இல்லண்ணே.

— எங்க போயிட்டாரு?

— நேத்தோட பதினோரு நாளு. பந்தலுக்கு மருந்தடிச்சிட்டு வந்தாக. நெஞ்சக் கரிக்குதுன்னாக. வெந்நி வச்சுக் கொண்டாரதுக்குள்ள முடிஞ்சு போச்சு.

— ஐயோ... கோம்பைக்காரவுக தெனம் கடைக்கு வாராகளே. ஒருத்தரும் சொல்லலையே ஆத்தா.

— சொல்ல என்ன இருக்கு? போஸ்டரு கூட ஒட்டல. கீழ யாரு யாரு பேரப் போடணும்னு அச்சுக்கடையில கேட்டாக. ‘பவுனு’ன்னேன். ‘ஒரு பேர வச்சு எப்படிம்மா அடிக்கிறது’ன்னு சொல்லிட்டாக.

— பிள்ளைக?

— ரெண்டும் தங்கல. எங்க அண்ணன் மகன் அருண்பாண்டிதான் கொள்ளி வச்சான். குளிப்பாட்டத் தண்ணி எடுக்கப் பங்காளிக கூட்டமாப் போகணும்ல? அவன் மட்டும் ஒத்தையில கொடத்தத் தூக்கிட்டுப் போனான். கொட்டுக்காரரு யாருக்கு முன்னால அடிக்கிறதுன்னு தெரியாம வாசல்லயே நின்னுட்டாரு.

— ஒங்க கல்யாணத்துக்கும் அவரு பக்கம் யாரும் வரலையா?

— யாரு வருவா? எனக்கு அப்ப முப்பத்தஞ்சு வயசு. ஒரு பய பொண்ணு கேட்டு வரல. அவுக பக்கத்துப் பந்தல்ல வேல செய்வாக. மூணு வருசம் தண்ணிச் செம்பக் குடுத்து வாங்கியிருக்கேன், ஒரு பேச்சு இல்ல. பெறகு ஒரு நா, ‘நான் ஒத்தையாளு, நீயும் ஒத்தையாளு’ன்னாக. அம்புட்டுத்தான். மாப்பிள்ளத் தோழனா மொதலாளியோட டிரைவரு நின்னாரு. லோடு ஏத்தணும்னு சாப்புடாமயே போயிட்டாரு.

— பேரு என்ன ஆத்தா அவருக்கு? நான் அது கூடக் கேட்டதில்ல.

— சேகரு. அதுவும் அவுக வளந்த எஸ்டேட்டுல கங்காணி வச்சது. ஆதார் கார்டு எடுக்கப் போனோம், ஆபீசுல தகப்பன் பேரக் கேட்டாக. அவுக முழிச்சாக. எங்க அய்யா பேரு ராக்கையா, அதையே எழுதச் சொல்லிட்டாக. கார்டுல பாத்தா நாங்க அண்ணன் தங்கச்சிண்ணே.

— ம்... நான் என்ன செய்யணும்னு சொல்லுங்க. பதினாறாம் நாளு காரியத்துக்கு நான் வந்து நிக்கவா?

— அதெல்லாம் வேண்டாம். ஒரு வெவரம் மட்டும் சொன்னாப் போதும். நாப்பத்தோராம் பக்கத்துல இருக்கு. வாசிக்கிறேன், கேளுங்க. ‘மூன்றாம் நாள் காலையில் அவன் சோனாதரி ஸ்டேஷனில் இறங்கினான். செங்கல் சூளையைத் தாண்டி ஆற்றங்கரைக்கு வந்தபோது, கையில் மீன் பச்சை குத்தியிருந்த ஒரு கிழவி துணி பிழிவதை நிறுத்திவிட்டு அவனைப் பார்த்தாள். யார் என்று அவள் கேட்கவில்லை. சாப்பிட்டாயா என்றுதான் கேட்டாள்.’

— அத எதுக்கு இப்ப...

— அந்த ஸ்டேசனு எங்கண்ணே இருக்கு? தேனி ஸ்டேசன்ல கேட்டேன், கம்ப்யூட்டர்ல காட்டலன்னாக. மதுரையில ஏறணுமா, மெட்ராசு போயி ஏறணுமா?

— நீங்க எதுக்கு ஆத்தா அங்கன போகணும்?

— எதுக்கா? மகன் செத்தத பெத்தவளுக்குச் சொல்ல வேணாமா? ஒரு பிடி சாம்பல டப்பாவுல எடுத்து வச்சிருக்கேன், அந்த ஆத்துல கரைக்கணும். வளையலக் கூட இன்னும் கழட்டல. அந்தம்மா முன்னால கழட்டுவோம்னு போட்டிருக்கேன். பாருங்க, பை கூட எடுத்துட்டுத்தான் வந்தேன்.

— அவரு தன்னோட ஊரப் பத்தி ஒங்ககிட்ட ஒண்ணுமே சொன்னதில்லையா?

— சின்னதுலயே ரயில்ல தொலைஞ்சவுகண்ணே. ஓட்டல்ல எச்சி எல எடுத்து, ஏலக்கா எஸ்டேட்டுல வளந்து, ஜீப்புல இங்கன வந்து எறங்கினவுக. மலையாளம் வரும், இந்தி வரும், தமிழும் வரும். எதுலயும் சொந்தக்காரன் மாதிரிப் பேச மாட்டாக. ஊரக் கேட்டா, ‘ஞாபகம் இல்ல பவுனு’ம்பாக. அதுக்கு மேல கேட்டா எந்திரிச்சுத் தோட்டத்துக்குப் போயிருவாக.

— மொதல்ல இந்தத் தண்ணியக் குடிங்க ஆத்தா.

— சொல்லுங்கண்ணே. ஆத்தா கையில இருக்குற மீனு வரைக்கும் எழுதியிருக்கீகளே, வழி தெரியாமயா இருக்கும்? மூணு நாளுன்னு போட்டிருக்கு. கட்டுச்சோறு தாங்குமா?

— அந்த ஊரு கெடையாது ஆத்தா.

— ஏன், அணைத் தண்ணிக்குள்ள முங்கிப் போயிருச்சா?

— இல்ல. அது நானா வச்ச பேரு. இங்கன ஒக்காந்துக்கிட்டு, காதுக்கு நல்லா இருக்குன்னு வச்ச பேரு.

— ஆறு இருக்குமில்ல?

— அது நம்ம சுருளியாறு. வேற எந்த ஆத்த நான் பாத்தேன்? மதுரையத் தாண்டி நான் போனதே இல்ல.

— அப்ப அந்த ஆத்தா?

— அது எங்க ஆத்தா. செத்து ஒம்பது வருசமாச்சு. வாசலுக்கு யாரு வந்தாலும் ‘சாப்ட்டியா’ன்னுதான் கேப்பா. அவளப் பாத்த ஞாபகத்துல எழுதிட்டேன். கதையில அவன் எங்கயாச்சும் போயிச் சேரணுமேன்னு எழுதினது... மன்னிச்சுக்கங்க. ஆனா இது அவரு ஊருன்னு ஒங்களுக்கு யாரு சொன்னது?

— அவுகதாண்ணே. இந்தப் பக்கத்த வாசிக்கயில கையக் காட்டி நிறுத்தினாக. திரும்ப வாசிக்கச் சொன்னாக. மூணு தடவ வாசிச்சேன். பெறகு சொவத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்கிட்டு, ‘ஆமா பவுனு, அதான் எங்க ஆத்தா. இப்பத்தான் ஞாபகம் வருது’ன்னாக.