பயாஸ்கோப்பின் முன்னால் ஏற்றிய விளக்கு

இங்கே தரும் கோப்பி மோசமில்லை, சீனிதான் கொஞ்சம் குறைவு. உங்கள் மொழியிலேயே எழுதலாம், மொழிபெயர்ப்பித்துக்கொள்கிறோம் என்று சொல்லிப் பொலிஸ் அதிகாரியம்மா தாளும் பேனையும் தந்தார். எனக்கு ஜெர்மன் நன்றாகவே வரும். ஆனாலும் தமிழில் எழுதினால் அவசரப்படாமல் எழுதலாம்.

என் பெயர் ஜெசிந்தன். வயது நாற்பத்தாறு. கொலோனில் ஒரு தொழிற்சாலையில் சின்னச் சின்ன உலோகப் பாகங்கள் கடைவது என் வேலை. அந்த வேலைக்கு அவுஸ்பில்டுங், அதாவது தொழிற்பயிற்சி, இடம் எடுத்துத் தந்தவர் நவரத்தினம் அண்ணை, எங்கள் தமிழ்ச் சங்கத்தின் தலைவர். 1985இல் கிழக்கு பெர்லினின் ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் வந்து இறங்கியவர். எனக்கு முதல் அறை தேடித் தந்ததும் அவர்தான், பற்றிமாவை எனக்குக் கலியாணம் பேசி முடித்ததும் அவர்தான். இதையெல்லாம் நான் மறுக்கவில்லை.

மற்றவர்களை அவர் ராசன் தம்பி, லக்ஸன் தம்பி என்று பெயரோடு சேர்த்துக் கூப்பிடுவார். என்னை மட்டும் வெறும் தம்பி. இருபத்தேழு வருடத்தில் என் பெயர் அவர் வாயில் வந்து நான் கேட்டதில்லை.

பயாஸ்கோப் செய்யும் யோசனையும் அவருடையதுதான். 1895இல், பாரிஸில் படம் காட்டுவதற்கு எட்டுக் கிழமை முன்னதாகவே, பெர்லினில் சகோதரர் இருவர் காசு வாங்கிச் சனங்களுக்குப் படம் காட்டிவிட்டார்கள். பயாஸ்கோப் என்ற அவர்களின் யந்திரத்தில் இரண்டு கண்ணாடி வில்லைகள், இரண்டு படச்சுருள்கள். ஒன்று மூடும்போது மற்றது திறக்கும். செக்கனுக்கு இரண்டிலுமாகப் பதினாறு படம். பிறகு பாரிஸின் ஒற்றை வில்லை யந்திரம் வந்தது, பேர் அங்கே போய்விட்டது. அதே மாதிரி ஒன்று செய்து நம் தமிழ்ப் பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு ஓட்டிக் காட்ட வேண்டும் என்றார் அண்ணை. விண்ணப்பம் எழுதி நகரசபையில் உதவி எடுத்தார். நான்கு வருடம், சனிக்கிழமை தவறாமல், அவர் வீட்டு நிலவறையில் நான் பற்சக்கரம் கடைந்தேன். அவர் தேத்தண்ணி கொண்டுவந்து தருவார். பக்கத்தில் இருந்து பார்ப்பார்.

சித்திரையில் அழைப்பிதழ் வந்தது. ‘தலைவர் நவரத்தினம் அவர்களின் அயராத முயற்சியில் உருவான பயாஸ்கோப்’ என்று போட்டிருந்தது. திருப்பியும் பார்த்தேன். பின்பக்கத்தில் சாப்பாடு தரும் கடையின் பேர்கூட இருந்தது.

பற்றிமா அதை வாங்கிப் பார்த்துவிட்டு, “அண்ணையிட்டை ஒருக்கா வாய்விட்டுக் கேளுங்கோவன். அவர் யோசிக்காமல் விட்டிருப்பார்” என்றாள். கேட்டு வாங்குவதில் என்ன மரியாதை என்று சொன்னேன். கோபம் வரவில்லை. இதைக் குறித்துக்கொள்ளுங்கள், எனக்கு எதுவுமே வரவில்லை. அன்று நன்றாகத் தூங்கினேன்.

அந்தக் காலத்துப் படச்சுருள் எளிதில் தீப்பிடிக்கும், பிடித்தால் தண்ணீர் ஊற்றியும் அணையாது. எங்கள் யந்திரத்தில் ஓட்டியது இந்தக் காலத்துப் பத்திரமான சுருள். பழையது ஒரு தகரப்பெட்டி நிறைய என்னிடம் இருந்தது. பழம்பொருள் சந்தையில் வாங்கியது.

எங்கள் ஆட்கள் எதைத் தொடங்கினாலும் குத்துவிளக்கு ஏற்றித்தான் தொடங்குவார்கள். கிறிஸ்தவ வேதக்காரரும் சைவக்காரரும் சேர்ந்து ஏற்றுவோம். முதல் திரி எப்போதும் தலைவருக்கு. அண்ணைக்குக் கண் பார்வை குறைவு, வேட்டி சால்வையோடு விளக்கின் மேலே நன்றாகக் குனிந்துதான் கொளுத்துவார். பதினேழு விழாவில் பார்த்திருக்கிறேன். ஒவ்வொரு முறையும் மெழுகுதிரிச் சுவாலை ஒரு தரமாவது கீழே பூவில் படும்.

விழா நாள் காலை விளக்குக்குப் பூமாலை சுற்றும் வேலையை நான் கேட்டு வாங்கினேன். பூவுக்கு அடியில் அந்தப் பழைய சுருளை வைத்தேன். அவருக்காகத்தான் வைத்தேன், வேறு யாருக்கும் அல்ல. முன்வரிசைக் கதிரைகளைக்கூடப் பின்னுக்குத் தள்ளிப் போடச் சொன்னேன், பிள்ளைகள் இருப்பார்கள் என்று.

மண்டபம் நிறைந்திருந்தது. அண்ணை மெழுகுதிரியைக் கையில் எடுத்தார். பிறகு ஒலிவாங்கிக்குத் திரும்பி, “இண்டைக்கு முதல் திரியை நான் கொளுத்திறது சரியில்லை. இந்த மெசினைச் செய்தது என்ரை தம்பி. நான் சும்மா பக்கத்திலை இருந்தனான். தம்பியின்ரை மனுசி வந்து கொளுத்தட்டும். பற்றிமா, வாங்கோ பிள்ளை” என்றார்.

சனம் கைதட்டியது. பற்றிமா நான்காவது வரிசையிலிருந்து எழுந்தாள். நீலச் சேலை. மேடையில் ஏறி அவரிடம் மெழுகுதிரியை வாங்கிக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரித்தாள். நான் யந்திரத்தின் கைப்பிடியைப் பிடித்தபடி நின்றேன். அங்கிருந்து விளக்குக்கு ஏழு அடி இருக்கும்.

அவள் மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் இறந்தாள். அண்ணை வெறுங்கையால் அவளுடைய சேலையில் பற்றிய தீயை அணைக்கப் பார்த்திருக்கிறார், இரண்டு கையிலும் இனி விரல் மடியாது என்கிறார்கள். மயக்கம் தெளிந்ததும் அவர் கேட்ட முதல் கேள்வி, தம்பிக்கு ஒன்றும் நடக்கவில்லையே என்பதுதானாம். அதிகாரியம்மா இதைச் சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தார். நான் கோப்பிக்குச் சீனி கேட்டேன்.

அவள் சிரித்ததற்கும் குனிந்ததற்கும் இடையில் எவ்வளவு நேரம் என்று கேட்டீர்கள். பன்னிரண்டு செக்கன். என் பயாஸ்கோப் அதற்குள் நூற்றுத் தொண்ணூற்றிரண்டு படம் காட்டிவிடும். ‘நில்’ என்று ஒரு சொல் போதும். ஆனால் அண்ணை இன்னும் ஒலிவாங்கியை விட்டு நகரவில்லை. என்ரை தம்பி என்று சொல்லியாயிற்று, அடுத்தது பெயர் வரும் என்று நினைத்தேன். இடையில் நான் சத்தம் போட்டால் அது வராமலே போய்விடும். அதனால் காத்திருந்தேன்.

அவர் சொல்லவில்லை. பெயரை மட்டும் சொல்லியிருந்தால் பற்றிமா இன்று உயிரோடு இருப்பாள்.