தண்ணீர் இல்லை என்று எழுதிய கிணறு

தண்ணீர் வேண்டாம், இன்ஸ்பெக்டர் சார். தம்ளர் அப்படியே இருக்கட்டும். வந்த காரியத்தைச் சொல்லிவிடுகிறேன்.

என் பெயர் ஆதிராஜ். வயது இருபத்தொன்பது. பி.ஏ. படித்தவன். திருவண்ணாமலையில் நில எடுப்பு அலுவலகத்தில் வருவாய் ஆய்வாளர். வேங்கிக்காலில் அரசுக் குடியிருப்புக்காக எடுத்த நிலங்களுக்கு என்ன விலை தரலாம் என்று பார்த்து எழுதுவது என் வேலை. பக்கத்து நிலங்கள் மூன்று வருடத்தில் என்ன விலைக்குக் கைமாறியிருக்கின்றன என்று பத்திர ஆபீசில் எடுப்போம். பிறகு நேரில் போய் மண், மரம், கிணறு பார்ப்போம். கிணற்றுப் பாசனம் என்றால் ஒரு விலை. வானம் பார்த்த பூமி என்றால் அதில் பாதிகூட வராது.

1981 சித்திரையில் நான் பார்த்த நிலங்களில் ஒன்று மல்லிநாதனுடையது. இரண்டே முக்கால் ஏக்கர், ஒரு கிணறு. அவர் என் மாமனார். சொந்தக்காரர் நிலம் என்றால் மேலே எழுதிக் கொடுத்துவிட்டு ஒதுங்க வேண்டும். நான் எழுதிக் கொடுக்கவில்லை. கோப்பு என் கையில் இருந்தால் அவருக்கு அநியாயம் நடக்காது என்று நினைத்தேன்.

"மாப்பிள்ளை, நம்ம நிலம்னு ஜாஸ்தி போட்டுடாதீங்க. இருக்கறத எழுதுங்க, போதும்" என்றார் அவர்.

என் மனைவி ஜெயமதி அன்று தாய்வீட்டில் இருந்தாள். அந்தக் கிணற்றில் இறைத்து எனக்குத் தண்ணீர் கொடுத்தாள். நாங்கள் சமணர்கள். துணியில் வடிகட்டித்தான் குடிப்போம். துணியில் தங்கும் சிற்றுயிர்களை அதே கிணற்றில் திரும்ப விட வேண்டும். அவள் அதை ஒருநாளும் தவறவிட்டதில்லை. நான் இரண்டு செம்பு குடித்தேன்.

அலுவலகம் திரும்பும்போது பயம் வந்தது. வேலை நிரந்தரமாகாத சமயம். உறவு தெரிந்தால், மாமனாருக்கு ஏற்றிப் போட்டான் என்பார்கள். அப்படி எவரும் சொல்ல முடியாதபடி எழுதினேன். கிணறு பாழ். தண்ணீர் இல்லை. மானாவாரி நிலம். இதற்காக யாரிடமும் ஒரு பைசா வாங்கவில்லை.

அலுவலகம் முடிவு செய்த விலையைக் கேட்ட மாமனார், மேலே யாரோ மாற்றிவிட்டார்கள் என்று நினைத்தார். நான் மறுக்கவில்லை. பணம் வாங்கும்போது ஆட்சேபணையுடன் பெறுகிறேன் என்று எழுதினால்தான் கோர்ட்டுக்குப் போக முடியும். அதை அவருக்குச் சொல்லிக் கொடுத்தவன் நான். அதில் எனக்குக் கொஞ்சம் நிம்மதி கூட இருந்தது.

கோர்ட்டில் அறிக்கையின் நகல் வாங்கியபோது என் கையெழுத்து வெளியே வந்தது. மாமனார் ஒன்றும் கேட்கவில்லை. ஜெயமதி கேட்டாள்.

"அன்னிக்கு ரெண்டு செம்பு குடிச்சீங்களே, அது என்ன தண்ணிங்க?"

தவறு என்று கோர்ட்டில் சொல்லிவிடுங்கள் என்றாள். வேலை போய்விடும் என்றேன்.

"வேலை போனா வேற வேலைங்க. அப்பாவுக்கு வேற நிலமா இருக்குது?"

அவளே சாட்சி சொல்வதாக வக்கீலிடம் பெயர் கொடுத்தாள். என்மேல் கோபம் காட்டவில்லை. எப்போதும்போலச் சோறு போட்டாள்.

84 தையில், சாட்சிக்கு முந்தின நாள், அந்தக் கிணற்றில் விழுந்து இறந்தாள். நிலம் அரசு கைக்குப் போயிருந்தாலும் கட்டட வேலை தொடங்கவில்லை. வீட்டார் அங்கேதான் இறைத்துக்கொண்டிருந்தார்கள். வடிகட்டிய துணியை அலசப் போனவள் வழுக்கி விழுந்தாள் என்று உங்கள் கோப்பில் இருக்கும்.

வழக்கு தள்ளிப்போய் மறுபடி வந்தது. அவள் மூழ்கின சேதியையே சாட்சியாக வைக்கலாம் என்று வக்கீல் சொன்னாராம். மாமனார் கூடாது என்றுவிட்டார். "எம்பொண்ணு செத்ததக் காட்டி எனக்கு விலை ஏத்த வேணாம்."

கூண்டில் என்னைக் கேட்டார்கள், கிணற்றில் தண்ணீர் இருந்ததா என்று. இல்லை என்றேன். மாமனார் எதிரே உட்கார்ந்திருந்தார். தலையைக் குனிந்துகொண்டார். எனக்காகக் குனிந்தார் என்று இப்போது நினைக்கிறேன்.

இன்று காலை தீர்ப்பு. பழைய விலையே சரி. வெளியே வந்த மாமனார் என் தோளைத் தொட்டார். "பொழுது சாயறதுக்குள்ள வந்து சாப்பிட்டுப் போங்க, மாப்பிள்ளை. தனியா இருக்கீங்க" என்றார். போனேன். மாமியார் தண்ணீர் வடிகட்டி, துணியைக் கையில் வைத்துக்கொண்டு, நான் குடித்து முடிக்கக் காத்து நின்றார். குடிக்க முடியவில்லை. எழுந்து நேராக இங்கே வந்தேன்.

அறிக்கை பொய். அதற்குக் கையெழுத்துப் போடுகிறேன். இன்னொன்று உங்கள் கோப்பில் இல்லை.

அன்று அவள் தனியாகப் போகவில்லை. சாட்சி வேண்டாம் என்று கடைசியாகக் கேட்க நானும் கூடப் போயிருந்தேன். அவள் துணியோடு படி இறங்கினாள். கடைசிப் படியில் பாசி. விழுந்தவள் இரண்டு தடவை மேலே வந்தாள். "ஏங்க" என்றாள். இறைக்கிற கயிறு என் காலடியில் கிடந்தது. நாளைக்குச் சாட்சி இல்லை என்று தோன்றியது. தண்ணீர் அசைவு நிற்கும்வரை நின்றேன். பிறகு, அவளைக் காணோம் என்று வீட்டில் போய்ச் சொன்னேன்.

நான் அவளைத் தள்ளவில்லை, சார். இருப்பதை எழுதுங்கள், போதும்.