மறுபடி உடைத்த வளையல்

உட்காரச் சொன்னீர்கள் இன்ஸ்பெக்டர் ஐயா, நின்றே சொல்கிறேன்.

நான் ஆவணப்படம் எடுப்பவன். முதல் படம் பாண்டிச்சேரி தட்டாஞ்சாவடிப் பட்டறைகளைப் பற்றியது. ஃபிலிம் கிளப்பில் பார்த்தவர்கள், "ஆளுங்க இருக்காங்க, மனசு இல்லியே" என்றார்கள். அது என்னைத் தூங்க விடவில்லை. அதனால் அடுத்த படத்தை என் சொந்த அக்காவை வைத்தே எடுத்தேன்.

அக்கா கமலவேணி வீராம்பட்டினத்தில் வாழ்க்கைப்பட்டவள். அவள் புருஷன் கன்னியப்பன் மாமா எண்பத்து நாலு ஐப்பசிப் புயலில் கடலுக்குப் போனவர் திரும்பவில்லை. அக்கா காத்திருப்பதை எடுத்தேன். மீன் ஆய்வது, ராத்திரியில் கதவைத் தாழ் போடாமல் படுப்பது, எல்லாம்.

"இந்த மூஞ்சியப் போயி புடிக்கிறியே தம்பி, ஃபிலிமு கெட்டுடப் போவுது" என்று சிரிப்பாள்.

தை பிறந்ததும், இனி காத்திருக்க வேண்டாம் என்று ஊரார் கருமாதிக்கு நாள் குறித்தார்கள். அதற்கு முந்தைய நாள் நோணாங்குப்பம் பஸ் ஸ்டாப்பில் அம்மாவாசையைப் பார்த்தேன். மாமாவின் ஊர்க்காரர், விசாகப்பட்டினம் துறைமுகத்தில் வேலை செய்கிறவர்.

"டேய், உன் மாமன் உசுரோட இருக்கான்டா. கரை ஒதுங்கி, அங்க ஆஸ்பத்திரியில கெடக்குறான். இப்பதான் நெனவு வந்துச்சி. ஓடிப்போயி அக்காகிட்ட சொல்லு, நான் கடலூருக்கு அவசரமா போயாவணும்."

ஓடினேன். அக்கா வாசலில் உட்கார்ந்து கை வளையல்களைச் சோப்புப் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நாளைக்கு உடையப்போகிற கண்ணாடி வளையல்கள். சொன்னால் படம் அங்கேயே நின்றுவிடும். மாமா எப்படியும் வரத்தான் போகிறார், ஒரு நாளில் என்ன ஆகிவிடும் என்று நினைத்தேன். காமிராவை எடுத்தேன்.

மறுநாள் தாலியை வாங்கினார்கள். வளையலை உடைக்கும் நேரம் பார்த்து ஃபிலிம் சிக்கிக்கொண்டது. கடைக்குப் போய் புது வளையல் வாங்கி வந்து, மறுபடி போட்டு உடைக்கச் சொன்னேன். எங்கள் அப்பாவின் தங்கை செல்வாம்பாள் அத்தை மண்ணை வாரி என் மேல் எறிந்தாள்.

"தாலி அறுத்தவளுக்கு வளையல் மாட்டி வேடிக்கை பாக்குறியா, பாவி? நீல்லாம் கூடப் பொறந்தவனா?"

அக்காதான் கையை நீட்டினாள். "வுடு அத்த. தம்பிதான கேக்குறான்."

அந்தக் காட்சி நன்றாக வந்திருக்கிறது.

அடுத்த நாள் விடியலில் அக்கா கடற்கரைக்குப் போனாள். பின்னாலேயே போனேன். இடுப்பளவு தண்ணீரில் நின்று ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள். மாமா இருக்கிறார் என்று கத்தியிருந்தால் காதில் விழுந்திருக்கும். எனக்கு நீச்சலும் தெரியும். ஃபிலிம் தீரும்வரை எடுத்தேன். பிறகு பார்த்தபோது தண்ணீர் மட்டும்தான் இருந்தது.

சில நாள் கழித்து மாமா கட்டை ஊன்றிக்கொண்டு வந்து இறங்கியதையும் எடுத்தேன். அம்மாவாசை கருமாதிக்கு முன்பே என்னிடம் சொல்லிவிட்டுப் போனது தெரிந்த பிறகுதான் என்னை அடித்தார்.

கொலை என்று எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் ஐயா, இதையும் எழுதுங்கள். அக்காவை அவள் வாழ்நாளில் வேறு யாரும் அவ்வளவு நேரம் கண்ணெடுக்காமல் பார்த்ததில்லை.