முட்டைக் கப்பல்

பெருமாநல்லூர் போற பஸ். எனக்கு முன்னாடி சீட்டில் பனியன் கம்பெனிக்காரர் ரெண்டு பேர். சின்னவன் கால் ஆடிக்கொண்டே இருந்தது.

“நேத்து கப்பலை முழுகடிச்சுப்போட்டனுங்ணா.”

“எந்தக் கப்பலு?”

“பாப்பாவுக்குச் சொல்ற கதைங்க. ஒரு ராஜா ஏழு கப்பல்ல டிராகன் முட்டை அனுப்பறானுங்க. சூடு பட்டாப் பொரிஞ்சு நெருப்பைக் கக்கும். ஒரு கப்பலை எரிச்சு முழுகடிச்சுட்டனுங்க. காலைல இருந்து அவ சாப்பிடலையாமுங்க.”

“டேமேஜ் ஆகும்னு நாம ஆர்டருக்கு மேல பத்து பீஸ் சேர்த்துத்தான வெட்டறோம்? அந்த ராஜாவும் ஒரு கப்பல் சேர்த்து அனுப்பிச்சான்னு சொல்லு.”

“முட்டைக்குச் சரிங்க. முழுகுன கப்பலோட கேப்டனுக்கு எம் பேரை வச்சிருந்தாளுங்க.”

பெரியவர் தண்ணி பாட்டிலை எடுத்து அவனிடம் நீட்டினார்.

“தலையை நனைச்சுட்டுப் போ கண்ணு. நீந்தி வந்துட்டேன்னு சொல்லு.”

ஸ்டாப் வந்தது. அவன் தண்ணி பாட்டிலைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு இறங்கி ஓடினான்.