இருபது நிமிடம் முந்திய போன்

குரோம்பேட்டை ரயில் நிலையத்தில் பழைய போனைத் தட்டிக்கொண்டிருந்த கணவரின் கையை மனைவி பிடித்தார்.

"யாரோ அனுப்புன லிங்க்ல ஆப் இறக்காதீங்க. பேங்க்ல இருக்கறது மொத்தமும் போயிடும்."

"ஒரு மாசமா பேங்க் ஆப் திறக்கல. போன் பழசாயிடுச்சு, வேற என்ன பண்ண?"

"செட்டிங்ஸ்ல டைமை ஆட்டோமேட்டிக்னு போடுங்க. இருபது நிமிஷம் ஃபாஸ்ட்டா வெச்சிருக்கேன்."

"நீயா?"

"நீங்கதான் தினம் ரயிலை விட்டுட்டிருந்தீங்களே."

பேங்க் ஆப் திறக்காவிட்டால் முதலில் பார்க்க வேண்டியது போனின் நேரம் சரியா என்பதைத்தான்.

அவர் மாற்றினார். ஆப் திறந்தது.

"அப்ப தினம் ரயில் லேட்டுன்னு நான் திட்டினது?"

"ரயில் சரியாத்தாங்க வருது."

"வீட்டுச் சுவர்க் கடிகாரம்?"

அந்த அம்மாள் ரயில் வருகிறதா என்று எட்டிப் பார்த்தார்.