அக்கா கொடுத்த சம்மதம்

வழக்கு நடந்த ஒன்பது வருஷமும் நானும் அக்காவும் ஒரே ஆட்டோவில்தான் குற்றாலத்திலிருந்து தென்காசி கோர்ட்டுக்குப் போய்வந்தோம். ஒரே வீட்டில் இருந்துகொண்டு எதற்கு இரண்டு ஆட்டோ? வாதியான அவளே பிரதிவாதியான எனக்கும் சேர்த்துப் புளியோதரை கட்டிக்கொண்டு வருவாள். அவளுடைய வக்கீல் நீங்கள், உங்களுக்குத் தெரியாததா? நீங்களும் ஒரு கை அள்ளிச் சாப்பிட்டிருக்கிறீர்கள்.

முத்துவடிவு அக்கா பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. அப்பா விட்டுப்போன வீட்டில் பின்கட்டு மட்டும். அத்தான் போன பிறகு அங்கேதான் இருந்தாள். அங்கேயே கண்ணை மூட வேண்டும் என்பாள். ஆனால் வீட்டை வாங்க வந்தவர் சீசனுக்கு அறை விடும் கட்டடம் கட்டுகிறவர். முழு வீடும் ஆள் இல்லாமல் வேண்டும் என்றார். என் கையில் என்ன இருக்கிறது?

அக்காவுக்குக் காது மந்தம் என்று உங்களுக்குத் தெரியும். எவ்வளவு மந்தம் என்பது எனக்குத்தான் தெரியும். காதில் மாட்டும் மிஷின் இல்லாவிட்டால் இடி விழுந்தாலும் கேட்காது. அதை வெளியில் சொல்ல வெட்கம். யார் என்ன சொன்னாலும் சிரித்துக்கொண்டே தலையாட்டிவிடுவாள்.

சமரசம் பேசி முடிக்கும் லோக் அதாலத் அன்று மிஷினில் பேட்டரி தீர்ந்துபோயிருந்தது. பின்கட்டை அவளுக்கே எழுதுகிறோம் என்று முந்தின நாளே வீட்டில் சொல்லியிருந்தேன். உங்களிடம், ஒரு தொகை வாங்கிக்கொண்டு மூன்று மாதத்தில் காலி செய்ய அக்கா சம்மதித்துவிட்டாள் என்றேன். நீங்கள் வராந்தாக் கூட்டத்தில் ஷரத்துகளை வாசித்தீர்கள். தலையாட்டினாள். அன்று உங்களுக்கு இன்னும் பதினோரு கேஸ். உங்களைக் குறை சொல்லவில்லை. பொடி எழுத்து அவளுக்குத் தெரியாது. நான் விரல் வைத்த இடத்தில் கையெழுத்துப் போட்டாள்.

"சம்மதந்தானம்மா? யாரும் கட்டாயப்படுத்தலையே?" என்று நீதிபதி கேட்டார். அவள் என் முகத்தைப் பார்த்தாள். நான் தலையாட்டினேன். அவளும் ஆட்டினாள். அக்கா தம்பி என்றால் இப்படி இருக்க வேண்டும் என்று நீதிபதி பாராட்டினார்.

தீர்ப்பு நகலுக்கு மஞ்சள் தடவிப் பூஜையறையில் வைத்தாள். மூன்று மாதம் கழித்து கோர்ட் அமீனா வந்தபோது அதைத்தான் ஓடிப்போய் எடுத்துவந்தாள்.

"என் வீடுய்யா இது. கோர்ட்டே எழுதிக் குடுத்திருக்கு, வாசிச்சுப் பாரும்."

அன்று மிஷின் நன்றாக வேலை செய்தது. அமீனா வாசித்துவிட்டு, "ஆச்சி, காலி பண்ணித் தாரேன்னுல்லா கையெழுத்துப் போட்டிருக்கீய" என்றார்.

அக்கா என் பக்கம் திரும்பினாள். "ஏலே, இவரு என்னமோ தப்பா வாசிக்காரு. நீ வாசிலே."

நிறுத்தி நிதானமாக வாசித்தேன்.

இப்போது ஆய்க்குடிப் பக்கம் ஒரு முதியோர் இல்லத்தில் இருக்கிறாள். அந்தத் தீர்ப்புக்கு அப்பீல் கிடையாது என்று நீங்களே சொன்னீர்கள். மோசடி என்று நிரூபித்தால் ஹைகோர்ட்டில் உடைக்கலாமாம். அதற்குத்தான் வந்திருக்கிறீர்கள்.

கேட்டதால் சொல்கிறேன். லோக் அதாலத் அன்று ஆட்டோவில் ஏறும்போதே, "பேட்டரி வாங்கணும்லே" என்றாள். கோர்ட்டுக்கு எதிர்க் கடையில் வாங்கினேன். கிடைக்கவில்லை என்று அவளிடம் கையை விரித்தேன். நீதிபதி கேட்கும்போது அது என் சட்டைப்பையில்தான் இருந்தது. கொடுத்திருந்தால் எல்லாம் காதில் விழுந்திருக்கும். அத்தனை பேர் முன்னால் அழுதிருப்பாள். அக்கா அழுதால் என்னால் தாங்க முடியாது, சார்.