நாற்காலியிடம் அனுமதி கேட்ட அலுவலகம்

அவையை அணிசெய்யும் தலைவர் அவர்களே, அருகமர்ந்த ஆன்றோர்களே, அலுவல்களை ஒதுக்கிவிட்டு வந்த தாய்மார்களே, சிரிக்கவென்றே வந்தும் இன்னும் சிரிக்காத இளைஞர்களே, அனைவருக்கும் வணக்கம்.

நாம் இன்று பாராட்டும் யூடியூப் நகைச்சுவையாளர் "கல்மூஞ்சி" முன்பு ஓர் அலுவலகத்தில் ஊழியர்களுக்குப் பயிற்சி வீடியோ எடுத்தவர். பகலில் வெள்ளைச் சுவர், நீலச் சட்டை, அசையாத முகம்: தீப்பிடித்தால் வெளியேறும் முறை. மாலையில் வீட்டில் மனைவி போனைப் பிடிக்க, அதே மாதிரிச் சுவர், அதே சட்டை, அதே முகம்: நாற்காலியில் உட்காரும் முறை. "முதலில் நாற்காலியிடம் அனுமதி கேட்கவும். மறுப்பு வராவிட்டால் உட்காரலாம்." இது யூடியூபுக்கு.

ஒருநாள் இரண்டையும் மாற்றி அனுப்பிவிட்டார்.

அலுவலகம் சிரித்ததா? இல்லை. சந்தேகப்பட்டதா? இல்லை. சுற்றறிக்கை விட்டது, ஐயா, சுற்றறிக்கை. கணக்குப் பிரிவே எழுந்து நின்று அனுமதி கேட்டது. காசாளர் மட்டும் மேலாளரிடம் ஓடினார்: "சார், என்னோடது கிறீச்சுங்குது. மறுக்குதா?"

பின்வரிசைத் தம்பி, பொறுங்கள், முடியவில்லை. யூடியூபில் தீப்பிடித்தால் வெளியேறும் பாடத்தைப் பார்த்தவர்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். "லிஃப்ட்ல போகாதீங்கன்னு சொல்றாரு பாரு, செத்தேன்" என்று ஒருவர் எழுதினார்.

விஷயம் மேலிடத்துக்குப் போனது. மேலாளரும் மேலிடத்து அதிகாரிகள் இருவரும் விசாரணை வைத்தார்கள். வேலை நிலைக்குமா, போகுமா? நம்மவர் அதே அசையாத முகத்தோடு நின்றார்.

"என் மேலதான் தப்பு சார். மன்னிச்சிடுங்க."

மேலாளர் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார், தோள் குலுங்கியது. "யோவ், இங்கயுமா நடிப்ப?"

"நடிக்கல சார். பயமா இருக்கு."

அதிகாரிகள் இருவரும் மேசைமேல் கவிழ்ந்துவிட்டார்கள். மன்னிப்புக் கேட்டார், சிரித்தார்கள். மன்றாடினார், மேலும் சிரித்தார்கள். கண்ணைத் துடைத்துக்கொண்டே வேலையைவிட்டு நீக்கினார்கள்.

வீட்டுக்கு வந்தார். "வேலை போயிடுச்சு" என்றார். மனைவி அவர் முகத்தைப் பார்க்கவில்லை, காலைப் பார்த்தார். செருப்போடு கூடத்தின் நடுவில் வந்து நின்றிருந்தார் மனிதர்.

"நிஜமாவா?"

"நிஜமா."

"அழணும்னா அழுதுடுங்க."

"அழுதுக்கிட்டுதான் இருக்கேன்."

அந்த அம்மா சிரிக்கவில்லை. பக்கத்தில் போய்க் கையைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் நின்றார். பிறகு போனை எடுத்தார். "சரி, அப்படியே நில்லுங்க. வேலை போனா வீட்டுக்கு எப்படி வரணும்? சொல்லிக்கொடுங்க."

"முதலில் செருப்பைக் கழற்றவும்" என்றார் நம்மவர்.

அந்த வீடியோதான் அவரை இந்த மேடைக்குக் கொண்டுவந்தது. நீக்கியவர்களும் அதைப் பார்த்தார்கள், பகிர்ந்தார்கள்.

அன்பு நெஞ்சங்களே, அவரைப் பார்த்துச் சிரிக்க உலகமே இருக்கிறது. எங்கே சிரிக்கக்கூடாது என்று அறிந்தவர் யார்? ஒரே ஒருவர். இதோ, முன்வரிசை ஓரத்தில் இதையும் போனில் எடுத்துக்கொண்டு நிற்கிறார். உங்கள் முதல் கைத்தட்டலை அவருக்குக் கொடுங்கள். மிச்சமிருந்தால் கணவருக்குக் கொடுக்கலாம்.

செவிகொடுத்த அவைக்கு நன்றி. வருகிறேன், வணக்கம்.